பில் தகராறும் பியூஸ் கட்டையும்

நெய்வேலி அனல் மின் நிலையம் 1962-இல் மின்சாரம் தரத் தொடங்கியது. எங்கள் காடாம்புலியூர்ப் பக்கம் மீட்டரும் வெள்ளை அட்டையும் வந்த காலத்தில், பில் தவறென்று தெரிந்தாலும், "கட்டாவிட்டால் பியூஸைப் பிடுங்கிவிடுவார்கள்" என்ற பயத்தில் முந்திரி விற்ற காசைக் கொண்டுபோய்க் கட்டியவர்கள் உண்டு.

சட்டம் அப்போதே ஓரளவு துணை நின்றது. 1910-ஆம் ஆண்டு மின்சாரச் சட்டப்படி, இணைப்பைத் துண்டிக்க 7 நாள் நோட்டீஸ் வேண்டும். மீட்டர் தகராறு மின் ஆய்வாளரிடம் போக வேண்டும். 1986-இல் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் மின்சாரத்தையும் சேவை என்றது. 2003-ஆம் ஆண்டுச் சட்டம் நோட்டீஸை 15 நாளாக்கியது. பழைய பாக்கிக்கு இரண்டு வருடக் கெடுவும் வைத்தது.

அந்தக் கெடுவைப் பற்றித்தான் வழக்கு. கட்டண வகை தவறிவிட்டது என்று, 2009 முதல் 2011 வரையிலான காலத்துக்கு, அஜ்மீர் மின் விநியோக நிறுவனம் 2014-இல் ஒரு நுகர்வோரிடம் கூடுதல் பணம் கேட்டது. 2020 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது: தவறைத் திருத்திப் பணம் கேட்கலாம், ஆனால் கெடு கடந்தபின் அதற்காக இணைப்பைத் துண்டிக்கக் கூடாது.

இன்னொன்றும் உண்டு. கேட்ட தொகை, முந்தைய ஆறு மாதச் சராசரிப்படி வரும் தொகை, இவற்றில் குறைவானதை ஆட்சேபம் எழுதிக்கொடுத்துக் கட்டிவிட்டால், தகராறு தீரும்வரை துண்டிக்க முடியாது. இருட்டில் உட்காராமல் வழக்காட நம் போன்ற வயதானவர்களுக்கு அதுவே வழி. ரசீதைப் பத்திரமாக வையுங்கள்.