வயலின் ஆசான் இலட்சுமிநாராயண ஐயர்

கலைகளுள் உள்ளத்தை எளிதிற் கவர்வது இசைக்கலை. அக்கலைக்குத் தம் வாழ்வை அளித்து, நம் ஈழத்திருநாட்டிலும் அதனைப் பயிற்றிய வி. இலட்சுமிநாராயண ஐயரின் வரலாற்றை நம் இளைஞர் அறிந்திருத்தல் வேண்டும்.

வயலின் மேனாட்டு வாத்தியம். முத்துசுவாமி தீட்சிதரின் இளவலாகிய பாலுசுவாமி தீட்சிதர் (1786–1858) ஐரோப்பியர் ஒருவரிடம் அதனைக் கற்றுக் கருநாடக இசைக்கு உரியதாக்கினார். அந்நியப் பொருளென்று நம் முன்னோர் அதனை ஒதுக்கினாரல்லர். தம் இசைக்கேற்ப ஆளக் கற்றனர். மேனாட்டார் அதனைத் தோளில் தாங்கி வாசிப்பர். நம்மவரோ தரையிலமர்ந்து, அதன் தலைப்பை வலக்காலிற் பொருத்தி, மறுமுனையை மார்பிற் சார்த்தினர். தாங்கும் வேலை நீங்கவே, இடக்கை தந்திமீது தடையின்றி வழுக்கிச் சென்று, கமகங்களை மனிதக் குரல்போல் எழுப்பலாயிற்று.

ஆயினும், பாடகரைப் பின்தொடரும் பக்கவாத்தியமாகவே வயலின் நெடுங்காலம் இருந்தது. துவாரம் வெங்கடசுவாமி நாயுடு (1893–1964) போன்ற மேதைகள் தனிக் கச்சேரிகளால் அதன் தகுதியை உயர்த்தினர். வயலின் தனித்து நின்று உலகோர் முன் ஒலிக்கவேண்டுமென்பதே இலட்சுமிநாராயண ஐயரின் வேட்கையும் ஆகும். யாழ்ப்பாணத்தில் இசைப் பேராசிரியராக விளங்கிய அவர், தம் மைந்தர் வைத்தியநாதன், சுப்பிரமணியம், சங்கர் ஆகிய மூவரையும் அந்நோக்குடனேயே பயிற்றினார். அன்னையார் சீதாலட்சுமியும் இசை வல்லவர். சுப்பிரமணியம் ஆறு வயதிலேயே மேடையேறினார்.

1958ஆம் ஆண்டு இனக்கலவரம் மூண்டது. அதனையடுத்து அக்குடும்பம் சென்னைக்குப் பெயர்ந்தது. ஈழம் ஓர் ஆசானை இழந்தது.

ஆனால் அவர் வித்தை அழியவில்லை. வைத்தியநாதன் (1942–2007) திரையிசையிற் புகழ்பெற்றார். சுப்பிரமணியம் மருத்துவப் பட்டம் பெற்றும் இசையையே தேர்ந்து, யெஹூதி மெனுஹினுடன் இணைந்து வாசித்தார். 2025இல் இந்தியாவின் பத்ம விபூஷண் விருதும் பெற்றார். சங்கர் 1970களில் ‘சக்தி’ குழுவில் மேனாட்டுக் கலைஞரோடு கலந்து வாசித்து, பின்னர் பத்துத் தந்திகள் கொண்ட இரட்டை வயலினைக் கையாண்டார். தந்தையார் 1990இல் மறைந்தார். 1992இல் சுப்பிரமணியம் அவர் பெயரால் உலக இசை விழாவொன்றைத் தொடங்கினார்.

மலையக மக்களாகிய நமக்கு இவ்வரலாறு புதிதன்று. 1964ஆம் ஆண்டின் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு அனுப்ப வகைசெய்தது. அதன்படி தோட்டங்களை விட்டுச் சென்றோர் வெறுங்கையராய்ச் சென்றனரோ? அவர்களுள் தப்பு முழக்கியோர் எத்தனை பேர்! காமன் கூத்துப் பயிற்றிய வாத்திமார் எத்தனை பேர்! ஐயரின் பெயரை நிலைநாட்ட விழாவெடுக்கும் மைந்தர் வாய்த்தனர். நமுனுகுல மலைச்சாரலிலிருந்து ரயிலேறிய நம் ஆசான்மாரின் பெயர்களைக் குறித்து வைத்தவர் யார்?

இளைஞர்களே! ஆசானின் புகழ் மாணாக்கரால் வாழ்கின்றது. நம் லயங்களிலும் கோயில் முன்றில்களிலும் எஞ்சியுள்ள முதியோரை அணுகி, அவர்தம் கலையைப் பயில்வோம். அவர்க்குக் கற்பித்தோரின் பெயர்களையும் கேட்டெழுதுவோம். அம்முதியோர் நம்மிடையே இருக்கும்போதே இப்பணியைத் தொடங்குதல் நம் கடன்.