பார்த்தீனியத்தின் 'சொந்தக்காரச் செடி'யில் இருந்து டயர்! அமெரிக்கா திரும்பத் திரும்பத் தேடிப்போகும் குவாயூலே... பின்னணி என்ன?

பார்த்தீனியம் என்றாலே நம்மூர் விவசாயிகளுக்கு எரிச்சல்தான். தோல் அரிப்பு, தும்மல், மூச்சிரைப்பு என அது கொடுக்கும் தொல்லை கொஞ்சநஞ்சமல்ல. ஆனால் அதே பேரினத்தில் பிறந்த இன்னொரு செடி ரப்பர் தருகிறது. பெயர் குவாயூலே. கார் பந்தய டயர் வரைக்கும் வந்துவிட்டது. இருந்தும், ஆபத்து வந்தால் தேடிப்போவதும் அது தீர்ந்ததும் கைவிடுவதுமாகவே நூறு வருஷத்துக்கு மேல் ஓடிவிட்டது.

எங்கே வளர்கிறது?

வடக்கு மெக்சிகோவிலும், அமெரிக்காவின் டெக்சாஸ் மாகாணத்தின் ஒரு ஓரத்திலும் பரந்து கிடக்கும் சிவாவா பாலைவனம்தான் இதன் சொந்த ஊர். சூரியகாந்தி, சாமந்தி குடும்பத்தைச் சேர்ந்த, இரண்டு மூன்று அடி உயரப் புதர் இது. இலையில் வெள்ளி பூசினாற்போல ஒரு சாம்பல் நிறம். பூ ரொம்பச் சின்னது, வெளிறியது. நின்று பார்க்கத் தோன்றாது.

வெட்டினால் பால் வராது

கன்னியாகுமரி ரப்பர் தோட்டங்களில் மரப்பட்டையைச் சீவிவிட்டால் பால் தானாக வடியும். குவாயூலேயில் அந்தக் கதையே கிடையாது. இதன் ரப்பர், தண்டு மற்றும் வேர்ப்பட்டையின் செல்களுக்குள் அடைந்து கிடக்கிறது. செடியையே அறுத்து அரைத்தால்தான் வெளியே வரும். காய்ந்த செடியின் எடையில் பொதுவாக 5 முதல் 10 சதவீதம்தான் ரப்பர். நட்டு இரண்டு வருஷமாவது காத்திருக்க வேண்டும். நல்ல விஷயம், தரையை ஒட்டி வெட்டினால் மறுபடி துளிர்க்கும். இரவுகள் குளிரும் மாதங்களில்தான் ரப்பர் அதிகம் சேர்கிறது என்பது இன்னொரு வினோதம்.

1900களின் தொடக்கத்தில் மெக்சிகோவில் இது பெரிய வியாபாரம். பின்னாளில் அந்நாட்டு அதிபரான பிரான்சிஸ்கோ மதேரோவின் குடும்பமும் இந்தத் தொழிலில் இருந்தது. 1910ல் வெடித்த புரட்சியும், காட்டுச் செடிகளை இஷ்டத்துக்கு வெட்டித் தீர்த்ததும் தொழிலைப் படுக்கவைத்தன.

போர் வந்தது, செடி நினைவுக்கு வந்தது

1930ல் ஒரு ராணுவ மேஜர் குவாயூலே பற்றி நேரில் ஆராய்ந்து, இதை வளர்ப்பது நாட்டுக்கு நல்லது என்று அறிக்கை கொடுத்தார். அவர் பெயர் ட்வைட் ஐசனோவர். ஆமாம், பிறகு அதிபரான அதே ஐசனோவர்தான். அறிக்கையை யாரும் கண்டுகொள்ளவில்லை.

1942ல் ஜப்பான் தென்கிழக்கு ஆசியாவைப் பிடித்ததும் அமெரிக்காவுக்கு வந்துகொண்டிருந்த இயற்கை ரப்பரில் 90 சதவீதத்துக்கும் மேல் நின்றுபோனது. அப்போதுதான் 'அவசரகால ரப்பர் திட்டம்' பிறந்தது. கலிபோர்னியாவின் சலினாஸ் பகுதியை மையமாக வைத்து, சுமார் 32,000 ஏக்கரில் குவாயூலே நடப்பட்டது.

இதில் மனதை உறுத்தும் ஒரு பக்கம் உண்டு. அதே ஆண்டு, ஜப்பானிய வம்சாவளி என்ற ஒரே காரணத்துக்காக சுமார் 1,20,000 பேரை அமெரிக்கா முகாம்களில் அடைத்தது. அவர்களில் பெரும்பாலோர் அமெரிக்கக் குடிமக்கள். கலிபோர்னியாவின் மன்சனார் முகாமில் அடைபட்டிருந்த விஞ்ஞானிகளும் தோட்டக்கலை தெரிந்தவர்களும், கிடைத்த சாமான்களை வைத்து ஆய்வுக்கூடம் அமைத்து, குவாயூலே நாற்று வளர்ப்பிலும் ரப்பர் பிரித்தெடுப்பதிலும் நல்ல முன்னேற்றம் காட்டினார்கள். எந்த நாடு தங்களை நம்பவில்லையோ, அதே நாட்டின் டயருக்காக!

போர் முடிந்தது. பெட்ரோலியத்தில் இருந்து செயற்கை ரப்பர் மலிவாக வந்தது, ஆசிய ரப்பரும் திரும்பியது. வளர்ந்து நின்ற செடிகளை உழுதும் எரித்தும் அழித்துவிட்டார்கள்.

இப்போது ஏன் மறுபடி?

விமான டயருக்கு இன்றும் இயற்கை ரப்பர்தான் வேண்டும். உலகின் இயற்கை ரப்பரில் பெரும்பகுதி தென்கிழக்கு ஆசியாவின் ஒரே வகை மரத்தில் இருந்து வருகிறது. அந்த மரத்தின் தாய்வீடான பிரேசிலில், ஹென்றி ஃபோர்டு போட்ட தோட்டங்களையே இலைக்கருகல் நோய் நாசமாக்கியது. அந்தப் பூஞ்சை ஆசியாவுக்கு வந்துவிட்டால்? டயர் கம்பெனிகளின் பயம் அதுதான்.

கூடவே தண்ணீர்ப் பஞ்சம். 2022ல் கொலராடோ ஆற்று நீர் வெட்டு அரிசோனாவின் பினால் கவுன்ட்டி விவசாயிகளைத்தான் பலமாக அடித்தது. பருத்திக்கும் குதிரைமசாலுக்கும் பாய்ச்சும் அளவு தண்ணீர் குவாயூலேவுக்குத் தேவையில்லை. அதே மாவட்டத்தில்தான் பிரிட்ஜ்ஸ்டோன் நிறுவனத்தின் குவாயூலே ஆராய்ச்சிப் பண்ணை இருக்கிறது. 2022 ஆகஸ்டில், நாஷ்வில் நகரில் நடந்த இண்டிகார் பந்தயத்தில் பக்கவாட்டில் குவாயூலே ரப்பர் சேர்த்த டயர்கள் ஓடின.

மருத்துவத்திலும் இதற்கு இடமுண்டு. சாதாரண லேடெக்ஸ் கையுறை சிலருக்கு ஒவ்வாமை தருவதற்கு அதிலுள்ள புரதங்களே காரணம். குவாயூலே லேடெக்ஸில் அந்தப் புரதங்கள் இல்லை. இதில் செய்த கையுறைக்கு 2008ல் அமெரிக்க எஃப்டிஏ அனுமதி கொடுத்தது.

ஆனாலும் விலைதான் இடிக்கிறது. ரப்பர் பத்து பங்கு என்றால் மிச்சம் தொண்ணூறு சக்கையும் பிசினும். அதற்கும் ஒரு விலை கிடைத்தால்தான் விவசாயிக்குக் கட்டுப்படியாகும். அந்தப் பிசினைப் பசையாகவும் மரத்தைக் கரையான் அரிக்காமல் காக்கும் பூச்சாகவும் விற்க முடியுமா என்றுதான் இப்போது ஆராய்ந்து வருகிறார்கள்.