மாலை ஐந்து மணிக்கும் சந்தைவெளியில்

மத்தேயு நற்செய்தியின் இருபதாம் அதிகாரத்தில் வரும் திராட்சைத் தோட்ட வேலையாளர் உவமையைத் திருப்பலியில் பலமுறை கேட்டிருக்கிறோம். நாள் முழுதும் வெயிலில் வெந்தவருக்கும் ஒரு மணி நேரமே உழைத்தவருக்கும் ஒரே தெனாரியம். மறையுரைகள் பெரும்பாலும் தோட்ட உரிமையாளரின் தாராள உள்ளத்தோடு நின்றுவிடுகின்றன. வரலாறு படிப்பவனை உறுத்துவதோ அதற்கு முந்திய காட்சி. மாலை ஐந்து மணிக்கும் சிலர் சந்தைவெளியில் நிற்கின்றனர். அவர்கள் சோம்பேறிகள் அல்லர். அழைப்பார் இல்லாமையால் நின்றவர்கள். காலையில் அழைக்கப்பட்டவர் யார், மாலைவரை விடுபட்டவர் யார் என்பதை எது முடிவு செய்தது? உவமை அதைச் சொல்லவில்லை. சொல்லவேண்டிய கடமையும் அதற்கில்லை. ஆனால் பூந்தமல்லிக்கு மேற்கே, பெங்களூர் நெடுஞ்சாலையை ஒட்டி, செம்பரம்பாக்கம் ஏரிக்கு அருகே உள்ள குத்தம்பாக்கத்தையும் அதன் சுற்றுவட்டத்தையும் முன்வைத்து அதே கேள்வியைக் கேட்டால், வரலாறு ஓரளவு விடை தருகிறது.

1891ஆம் ஆண்டிலிருந்து தொடங்குவோம். அவ்வாண்டு மே 15ஆம் நாள் திருத்தந்தை பதின்மூன்றாம் சிங்கராயர் 'ரேரும் நோவாரும்' என்னும் சுற்றுமடலை வெளியிட்டார். முதலாளியும் தொழிலாளியும் ஒப்புக்கொண்டுவிட்டதனாலேயே ஒரு கூலி நீதியான கூலி ஆகிவிடாது என்றும், சிக்கனமாக வாழும் தொழிலாளியையும் தாங்கவியலாத கூலியை அவன் வேறு வழியின்றி ஏற்கும்போது அவன் வன்முறைக்கு ஆளாகிறான் என்றும் அது கற்பித்தது. ஐந்து திங்கள் கழித்து, அதே ஆண்டு அக்டோபரில், செங்கல்பட்டு மாவட்ட ஆட்சியர் பொறுப்பிலிருந்த திரமென்ஹீர் என்னும் ஆங்கிலேயர் அம்மாவட்டத்துப் பறையர் நிலைபற்றி ஓர் அறிக்கை எழுதி அரசுக்கு அளித்தார். ஒன்றை எழுதியவர் மற்றதை அறிந்திருக்க நியாயமில்லை. ஆயினும் இரண்டும் ஒரே பொருளைப் பேசின.

இன்று திருவள்ளூர் மாவட்டத்தில் அடங்கும் பூந்தமல்லி வட்டாரம் அன்று செங்கல்பட்டு மாவட்டத்தைச் சேர்ந்தது. நிலம் மிராசுதார் கையில் இருந்தது. உழைத்தவன் படியாள். அளந்து கொடுக்கும் படி நெல்லே கூலி என்பதை அச்சொல்லே காட்டுகிறது. அவன் குடிசை நின்ற மனையும் அவனுடையதன்று. சொல் கேளாதவனை மனையை விட்டே எழுப்பிவிடலாம். வாங்கிய கடன் தந்தையிடமிருந்து மகனுக்கு இறங்கும். தரிசு நிலத்துக்குத் தர்க்காஸ்து போட்டாலோ, முதலுரிமை மிராசுதாருக்கே. திரமென்ஹீர் இவற்றையெல்லாம் எழுதினார். சீர்திருத்தச் சபை மறைபரப்புநர் சிலர், குறிப்பாக ஆடம் ஆண்ட்ரூவும் வில்லியம் கௌடியும், இதே வட்டாரத்தில் இம்மக்களுக்காக வாதாடிக்கொண்டிருந்தனர். 1892இல் அரசு இறங்கிவந்து தாழ்த்தப்பட்டோருக்கெனத் தனியே நிலம் ஒதுக்க ஆணையிட்டது. பஞ்சமி நிலம் என்று இன்றும் நாம் சொல்வது அதனையே. அந்நிலத்தின் பெரும்பகுதி பிற்காலத்தில் பிறர் கைக்கு மாறிப்போனதும், அதை மீட்கக் கேட்டு 1994 அக்டோபரில் செங்கல்பட்டில் நடந்த போராட்டத்தில் ஜான் தாமஸ், ஏழுமலை என்னும் இருவர் காவல்துறையின் துப்பாக்கிச் சூட்டில் உயிர்நீத்ததும் தனியே எழுதத்தக்கவை.

மனையில்லாதவன் கூலியைப் பேரம் பேச முடியாது என்பதுதான் திரமென்ஹீர் அறிக்கையிலிருந்து நாம் எடுத்துக்கொள்ள வேண்டியது. கூலி என்பது சந்தையில் தேவையும் வழங்கலும் கைகுலுக்கிக்கொள்ளும் இடத்தில் தானே பிறப்பதாகப் பாடநூல்கள் சொல்கின்றன. செங்கல்பட்டுப் படியாளின் கூலி அவ்வாறு பிறக்கவில்லை. அவன் கையில் என்ன இல்லை என்பதிலிருந்து பிறந்தது.

அவன் தப்பிக்க வழிகள் இரண்டு. ஒன்று கப்பல்: பர்மா, இலங்கை, மலேயா, நேட்டால். மற்றொன்று சென்னைப் பட்டணம். பெரம்பூர்ப் பகுதியின் பக்கிங்காம், கர்நாடிக் ஆலைகள் ஆயிரக்கணக்கானவர்களுக்கு வேலை தந்தன. 1918 ஏப்ரல் 27இல் செல்வபதி செட்டியார், இராமானுஜலு நாயுடு ஆகியோர் முயற்சியால், பி. பி. வாடியாவைத் தலைவராகக் கொண்டு சென்னைத் தொழிலாளர் சங்கம் அங்கே பிறந்தது. இந்தியாவில் முறையாக அமைந்த தொழிற்சங்கங்களில் முதன்மையானது அதுவே என்பர். ஆலை நிருவாகம் சங்கத் தலைவர்கள்மீது உயர்நீதிமன்றத்தில் வழக்கிட்டது. தொழிலாளரை ஒன்று சேர்ப்பதே குற்றமாகும் நிலை. அவ்வழக்கின் அதிர்ச்சியும் சேர்ந்தே 1926ஆம் ஆண்டுத் தொழிற்சங்கச் சட்டத்துக்கு வழி திறந்தது.

ஆனால் அதே ஆலையில் 1921ஆம் ஆண்டு வேலைநிறுத்தம் வேறொரு பாடத்தையும் வைத்திருக்கிறது. பல திங்கள் நீண்ட அப்போராட்டத்தில் ஆதிதிராவிடத் தொழிலாளர் பலர் வேலைக்குத் திரும்பினர். பசியைத் தாங்கும் வலிமை, அதாவது ஊரில் ஒரு துண்டு நிலமோ கடன் தரும் உறவோ, எல்லாருக்கும் ஒரே அளவில் இல்லை. விளைவு, புளியந்தோப்பில் தொழிலாளி தொழிலாளியின் குடிசைக்குத் தீ வைத்தான். கிராமத்திலிருந்து பட்டணத்துக்கு மனிதர் மட்டும் நடந்து வரவில்லை. ஊரும் சேரியும் கூடவே நடந்து வந்தன.

விடுதலைக்குப்பின் நிலைமை மாறியதாகத் தோன்றிற்று. மாறியதும் உண்மை. 1955 சனவரியில் ஆவடியில் கூடிய காங்கிரசு மாநாடு சமதர்ம பாணியிலான சமுதாயத்தைத் தன் இலக்கு என்று தீர்மானித்தது. அதே ஆண்டு மே முதல் நாள் திருத்தந்தை பன்னிரண்டாம் பத்திநாதர் தொழிலாளரான புனித சூசையப்பர் திருநாளை ஏற்படுத்தினார். ஆவடியைச் சுற்றி ஆலைகள் எழலாயின. அம்பத்தூரில் டி.ஐ. சைக்கிள் 1949இலேயே தொடங்கியிருந்தது. டன்லப் டயர் ஆலை வந்தது, பாடியில் டி.வி.எஸ். குழுமத்தின் உதிரிபாக ஆலைகள் வந்தன. ஆவடியில் கனரக ஊர்தித் தொழிற்சாலை வந்து, 1965இல் முதல் 'விஜயந்தா' டாங்கியை உருட்டிவிட்டது. 1960களின் நடுவில் அம்பத்தூர்த் தொழிற்பேட்டை அமைந்தது.

இக்காலத்துக்கு ஒரு கொள்கை விளக்கமும் இருந்தது. மேற்கிந்தியத் தீவுகளில் ஒன்றான செயின்ட் லூசியாவில் பிறந்த ஆர்தர் லூயிஸ், 1954இல் எழுதிய கட்டுரையில் சொன்னது இது: கிராமத்தில் மிதமிஞ்சிய உழைப்பாளர் இருக்கும்வரை, நகரத் தொழில் ஏறத்தாழ கிராமத்துக் கூலியைவிடச் சற்றே மிகுதி கொடுத்து ஆட்களை இழுத்துக்கொண்டே இருக்கலாம், இலாபம் மறுபடி முதலீடாகும், ஒருநாள் மிகை ஆட்கள் தீர்ந்துபோவர், அப்போது கூலி எங்கும் உயரும். அடுத்த ஆண்டே சைமன் குஸ்நெட்ஸ், வளர்ச்சியின் தொடக்கத்தில் ஏற்றத்தாழ்வு கூடிப் பின்னர் குறையும் என்று எழுதினார். தம் கட்டுரையில் ஊகமே மிகுதி என்பதை அவர் மறைக்கவில்லை. அதைப் பிற்காலத்தார் வேதவாக்காக எடுத்துக்கொண்டது அவர் பிழையன்று.

காத்திருந்தால் கூலி உயரும் என்பதே இரண்டிலும் பொதுவான ஆறுதல். பூந்தமல்லி வட்டாரம் எழுபதாண்டு காத்திருந்தது. ஒரு பங்கு மெய்யாயிற்று. அம்பத்தூரிலும் ஆவடியிலும் நிரந்தர வேலை பெற்றவரின் குடும்பங்கள் ஒரே தலைமுறையில் நிமிர்ந்தன. வருங்கால வைப்பு நிதி, தொழிலாளர் காப்பீட்டு மருத்துவம், போனசு, மகனுக்குப் பாலிடெக்னிக் என்று அவ்வாழ்வு ஏறியது. நம் பங்குகளில் ஐம்பது வயது கடந்தோர் பலருக்கு இது சொந்தக் குடும்பத்தின் கதையாகவே இருக்கும். இதைக் குறைத்துப் பேசுவது நன்றி மறத்தலாகும்.

ஆயினும் அந்த வாயில் குறுகியது. 1970இல் ஹாரிஸ், டொடாரோ என்னும் இருவர், கிழக்கு ஆப்பிரிக்க நகரங்களைப் பார்த்து, வேலை இல்லாத நகரத்துக்கும் மக்கள் ஏன் தொடர்ந்து வருகிறார்கள் என்பதை விளக்கினர். ஊரில் நாளுக்கு நூறு ரூபாய், ஆலையில் முந்நூறு என்று வைத்துக்கொள்வோம். வருவோரில் பாதிப் பேருக்கே ஆலை வேலை கிடைக்குமென்றாலும், எதிர்பார்ப்பின் சராசரி நூற்றைம்பது, வருவதே அறிவு. ஆகவே ஆலைகள் பெருகப் பெருக வாயிலில் நிற்போரும் பெருகுவர். உள்ளே போக முடியாதவர் என்ன செய்வர்? அக்கரா நகரில் கீத் ஹார்ட்டும், 1972இல் கென்யாவை ஆய்ந்த பன்னாட்டுத் தொழில் அமைப்பும் சுட்டிக்காட்டியது போல, அவர்கள் சும்மா இருக்கவில்லை. செங்கல் சுமந்தனர், சித்தாளாயினர், பாத்திரம் துலக்கினர், தள்ளுவண்டி தள்ளினர். நாம் அமைப்புசாராத் தொழில் என்கிறோம். தமிழகம் 1982இல் உடலுழைப்புத் தொழிலாளருக்கெனத் தனிச் சட்டமும், 1994இல் கட்டுமானத் தொழிலாளர் நலவாரியமும் கண்டது பெருமைக்குரியதே.

1990களுக்குப்பின் கோடு வேறிடத்தில் விழுந்தது. அதுவரை ஆலைக்கு உள்ளே இருந்தவருக்கும் வெளியே நின்றவருக்கும் இடையே இருந்த வேறுபாடு இப்போது ஆலைக்குள்ளேயே புகுந்தது. இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் 1998இல் கார் உற்பத்தியைத் தொடங்கியது. திருப்பெரும்புதூரில் 2006இல் தொடங்கிய நோக்கியா, பல்லாயிரம் இளம் பெண்களுக்கு முதற் சம்பளத்தைத் தந்து, 2014 நவம்பரில் கதவை மூடியது. எட்டே ஆண்டு! ஒரே கூரையின்கீழ் நிரந்தரத் தொழிலாளி, பயிற்சித் தொழிலாளி, ஒப்பந்தத் தொழிலாளி என்று மூவகையினர். ஒப்பந்த முறையைக் கட்டுப்படுத்தவும், கூடுமிடத்தில் ஒழிக்கவும் 1970இல் இயற்றப்பட்ட சட்டம், அம்முறை பரவுவதைத் தடுக்கவில்லை.

2021 டிசம்பரில் இதன் முகம் குத்தம்பாக்கத்துக்கு அண்மையிலேயே தெரிந்தது. சுங்குவார்சத்திரத்துப் பாக்ஸ்கான் ஆலையில் ஐபோன் பூட்டும் பெண்கள் தங்கியிருந்த விடுதி பூந்தமல்லியை அடுத்த ஜமீன் கொரட்டூரில் இருந்தது. விடுதி உணவு நஞ்சாகி நூற்றைம்பதுக்கும் மேற்பட்டோர் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டனர். தோழியர் நிலைபற்றிச் சரியான செய்தி கிடைக்காத பெண்கள் பெங்களூர் நெடுஞ்சாலையில் இரவெல்லாம் அமர்ந்து மறித்தனர். தமிழகத்தின் பல மாவட்டச் சிற்றூர்களிலிருந்து வந்த பிள்ளைகள் அவர்கள். மனை தனக்கில்லாத படியாள் குரலெழுப்ப அஞ்சியதைத் திரமென்ஹீர் எழுதினார். படுக்கை தனக்கில்லாத இப்பெண்களோ குரலெழுப்பினர். ஆலை சில வாரம் மூடப்பட்டு 2022 சனவரியில் திறந்தது. விடுதிகளின் நிலையைச் சீர்செய்ய வேண்டும் என்று உலக நிறுவனமான ஆப்பிளே பேச நேர்ந்தது. 2024 செப்டம்பரில் அதே வட்டாரத்துச் சாம்சங் ஆலைத் தொழிலாளர் முப்பத்தேழு நாள் வேலைநிறுத்தம் செய்தனர். கூலி உயர்வோடு அவர்கள் கேட்ட முதன்மையான கோரிக்கை, தங்கள் சங்கத்தின் அங்கீகாரம். எந்தச் சட்டத்தின்கீழ்ப் பதிவு கேட்டார்கள்? பெரம்பூர் ஆலை வழக்கின் பின்னணியில் பிறந்த அதே 1926ஆம் ஆண்டுச் சட்டம். 2025 சனவரியில்தான் பதிவு கிடைத்தது.

இவ்வளவுக்கும் நடுவே குத்தம்பாக்கம் வேறொரு கேள்வியை எழுப்பிப் பார்த்தது. அவ்வூரில் தலித் குடும்பம் ஒன்றில் பிறந்த இரங்கசாமி இளங்கோ வேதிப் பொறியியல் கற்று, காரைக்குடி மின்வேதியியல் ஆய்வு மையத்தில் அறிவியலாளராகப் பணியாற்றி, அதைத் துறந்து ஊர் திரும்பியவர். 1996இல் ஊராட்சித் தலைவரானார். கள்ளச்சாராயமும் சாதிச் சண்டையும் மலிந்த ஊர் அது. அவர் காலத்தில் அமைந்த சமத்துவபுரத்தில், ஒரே சுவரின் ஒருபுறம் தலித் குடும்பமும் மறுபுறம் பிற சாதிக் குடும்பமும் வாழும் இரட்டை வீடுகள் எழுந்தன. அழுத்திய மண்கற்களை ஊராரே செய்தனர். கட்டுமானக் கூலி ஊருக்குள்ளேயே தங்கியது.

இளங்கோவுக்கு வழிகாட்டியவர்களுள் ஒருவர் ஜே. சி. குமரப்பா. தஞ்சையில் பிறந்த இந்தக் கிறித்தவப் பொருளியலாளரை நம் இல்லங்கள் மறந்தே போயின. காந்தியடிகள் 1934இல் தொடங்கிய அகில இந்தியக் கிராமத் தொழிற் சங்கத்தை நடத்தியவர் அவர். ஊரிலிருந்து நெல்லும் நிலக்கடலையும் மலிவாக வெளியேறி, அரிசியும் எண்ணெயுமாக விலையேறித் திரும்பும்போது, இடையில் நிற்கும் கூலி ஊருக்கு இல்லாமற் போகிறது. பக்கத்துப் பக்கத்து ஊர்கள் பதினைந்து இருபது சேர்ந்து தமக்குத் தேவையானவற்றைத் தாமே ஆக்கிப் பகிர்ந்துகொண்டால் அக்கூலி திரும்பும் என்பது இளங்கோவின் திட்டம். ஆலை வேலையை அவர் பழிக்கவில்லை. ஆலை வாயிலில் நிற்பவனுக்குப் பின்னால் திரும்பிப் போக ஓர் ஊர் இருக்கவேண்டும் என்றார் எனலாம். திரும்பிப் போக இடமுள்ளவனே பேரம் பேச முடியும்.

அத்திட்டம் வென்றதா என்றால், நகரத்தை அது நிறுத்தவில்லை. நிலத்தின் விலை உழுவோர் எட்டாத உயரத்துக்குப் போயிற்று. நகரத்தின் குப்பையை இவ்வூர் மேய்ச்சல் நிலத்தில் கொட்டும் திட்டம் வந்தபோது ஊரார் போராட வேண்டியிருந்தது. 2021இல் வெளியூர்ப் பேருந்து நிலையத்துக்கான கட்டுமானம் இங்கே தொடங்கியது. இவற்றை வைத்து அம்முயற்சியைத் தோல்வி என்போர், ஊராட்சிக்குச் சட்டம் தந்த அதிகாரம் எவ்வளவு என்பதையும் நோக்கவேண்டும். தன் எல்லைக்கு அடுத்த ஆலை எத்தனை பேரை நிரந்தரமாக்க வேண்டும் என்று சொல்ல எந்த ஊராட்சித் தலைவருக்கும் உரிமையில்லை.

ஓர் இடம் மட்டும் உண்டு. சென்னைக் கடற்கரையில் சிங்காரவேலர் 1923இல் கொடியேற்றிக் கொண்டாடிய மே முதல் நாள், தமிழக ஊராட்சிகளில் கிராமசபை கூடும் நாளாகவும் இருக்கிறது. அன்று காலை சூசையப்பர் திருநாள் திருப்பலி முடித்து நாமும் அக்கூட்டத்தில் போய் அமரலாம். இவ்வூரிலிருந்து ஆலைக்குப் போவோர் எத்தனை பேர், அவர்களுள் நிரந்தரமானவர் எத்தனை பேர், ஒப்பந்தக்காரர் வழியாகப் போவோர் எத்தனை பேர், வைப்பு நிதிக் கணக்கு எத்தனை பேருக்கு உண்டு என்று வரவு செலவுக் கணக்கோடு சேர்த்து வாசிக்கும்படி கேட்க, ஊரின் வாக்காளர் எவருக்கும் உரிமை உண்டு.