அற்புத வலை

வைத்திய சாஸ்திரத்தின் சரித்திரத்தில் ஒரு வேடிக்கை உண்டு. ஏறத்தாழ 1,300 வருஷ காலம் ஐரோப்பாவில் வைத்தியம் படித்தவர்கள், மனிதனுடைய உறுப்புகள் என்று நினைத்துக்கொண்டு, பல இடங்களில் ஆட்டின் உறுப்புகளையும் மாட்டின் உறுப்புகளையும் குரங்கின் எலும்புகளையுமே படித்துவந்தார்கள். அதே உறுப்புகள் அவர்களுடைய சொந்த உடம்புக்குள்ளேயே வேறு விதமாக இருந்தன. ஆனால் உடம்பைவிடப் புத்தகத்தின் மீதுதான் அவர்களுக்கு நம்பிக்கை அதிகம்!

அந்தப் புத்தகங்களை எழுதியவர் கேலன் என்ற கிரேக்க வைத்தியர். அவருடைய பெயரைச் சிலர் தமிழில் 'காலன்' என்று எழுதுகிறார்கள். வைத்தியருக்கு அது அவ்வளவு பொருத்தமான பெயராக எனக்குத் தோன்றவில்லை. ஆகையால் கேலன் என்றே எழுதுகிறேன்.

கேலன் கி.பி. 129-ல், இன்று துருக்கி தேசத்தில் இருக்கும் பெர்கமம் நகரில் பிறந்தார். அரங்கத்தில் வாளெடுத்துப் போரிடும் அடிமை வீரர்களுக்கு வைத்தியராக இருந்து, அவர்களுடைய காயங்களின் வழியே மனித உடம்பின் உட்புறத்தைக் கொஞ்சம் எட்டிப் பார்த்தார். 162-ல் ரோமாபுரிக்குப் போனார். பிறகு சக்கரவர்த்தி மார்க்கஸ் அரேலியஸுக்கே வைத்தியரானார். அங்கே பலர் கூடியிருந்த சபையில் அவர் செய்து காட்டிய ஒரு பரிசோதனை பிரசித்தமானது. உரக்கக் கத்திக்கொண்டிருக்கும் ஒரு பன்றியின் கழுத்தில், குரல்வளைக்குப் போகும் மெல்லிய நரம்பை அறுப்பார். பன்றி மூச்சு விடும், கால்களை உதைக்கும். ஆனால் சத்தம் மட்டும் வராது. கொடுமையான காட்சிதான். ஆயினும், குரல் பிறப்பதற்கு மூளையிலிருந்து வரும் நரம்பு வேண்டும் என்பது அன்று நிரூபணமாயிற்று. அந்த நரம்பு விஷயத்தில் மனிதனும் பன்றியும் ஒன்றுதான்.

இப்படிப் பல விஷயங்களில் ஒன்றாக இருந்ததுதான் ஆபத்தாக முடிந்தது. மனிதப் பிரேதத்தை அறுத்துப் பார்ப்பதை ரோமாபுரியின் வழக்கம் அனுமதிக்கவில்லை. கேலன் என்ன செய்வார்? வட ஆப்பிரிக்காவின் வாலில்லாக் குரங்கு, பன்றி, ஆடு, மாடு இவற்றையெல்லாம் அறுத்துப் பார்த்தார். குரங்குகளிலும் மனித முகச்சாயல் உள்ளதாகப் பார்த்துத் தேர்ந்தெடுக்கச் சொன்னார். மனித எலும்புக்கூட்டை நேரில் பார்க்க வேண்டுமானால் அலெக்சாண்டிரியாவுக்குப் போங்கள் என்று மாணவர்களுக்கு யோசனையும் சொன்னார். குறை எங்கே இருக்கிறது என்று அவருக்குத் தெரிந்தேயிருந்தது. பின்னால் வந்தவர்கள்தாம் அதை மறந்துவிட்டார்கள்.

அந்தப் புத்தக மனிதன் எப்படி இருந்தான், தெரியுமா? அவனுடைய கீழ்த்தாடை இரண்டு எலும்புகளால் ஆனது. நாய் போன்ற பிராணிகளுக்கு அப்படித்தான். மனிதனுக்கோ குழந்தைப் பருவத்திலேயே இரண்டும் சேர்ந்து ஒன்றாகிவிடுகின்றன. அவனுடைய நெஞ்செலும்பில் ஏழு துண்டுகள். நமக்கு மூன்றே பாகங்கள். அவனுடைய கல்லீரலுக்கு ஐந்து மடல்கள்; நம்முடையதில் பெரிதாகத் தெரிபவை இரண்டு. குடல்வால் அவனுக்குக் கிடையவே கிடையாது. ஏனென்றால் கேலன் அறுத்துப் பார்த்த குரங்குக்கு அது இல்லை.

இவற்றையெல்லாம்விட முக்கியமானது 'அற்புத வலை'. ஆடு, மாடுகளின் மூளைக்கு அடியில், மேலே ஏறும் ரத்தக்குழாய் நூறு இழைகளாகப் பிரிந்து ஒரு வலை போலப் பின்னிக் கிடக்கும். அதைக் கண்டு கேலன் பிரமித்துப்போனார். இருதயத்திலிருந்து வரும் உயிர்ச்சக்தி இந்த வலையில் வடிகட்டப்பட்டு அறிவுச்சக்தியாக மாறுகிறது என்று எழுதிவைத்தார். மனிதனுடைய மனத்துக்கே ஆதாரமான அந்த வலை, மனிதனிடத்தில் இல்லை! ஆட்டுக்கு அது எதற்கு என்பது இன்று தெரிந்திருக்கிறது. மூக்கின் வழியாக வரும் குளிர்ந்த ரத்தம் அந்த வலையைச் சுற்றி ஓடி, மூளைக்குப் போகும் ரத்தத்தின் சூட்டைத் தணிக்கிறது. ஆட்டுக்குத் தலை கொதிக்காமலிருக்க ஏற்பட்ட வசதி, மனிதனுக்கு அறிவின் பிறப்பிடமாகிவிட்டது.

நடுவில் ஒருவரும் பார்க்கவில்லையா என்று நீங்கள் கேட்கலாம். பார்த்தார்கள். 1200-ஆம் வருஷத்தை ஒட்டி எகிப்தில் பெரும் பஞ்சம் ஏற்பட்டது. அப்போது அங்கே இருந்த பாக்தாத் வைத்தியர் அப்துல் லத்தீப், குவிந்து கிடந்த எலும்புகளில் இரண்டாயிரத்துக்கு மேற்பட்ட மண்டையோடுகளைப் பார்த்தார். கீழ்த்தாடை ஒரே எலும்பாகத்தான் இருந்தது. கேலன் எவ்வளவு பெரியவரானாலும் கண்ணால் கண்டதே மேலான சாட்சி என்று எழுதினார். வைத்திய உலகம் அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

1315-ஐ ஒட்டி, இத்தாலியில் பொலோனா சர்வகலாசாலையில் மாணவர்கள் முன்னிலையில் மனிதப் பிரேதத்தை அறுத்துக் காட்டும் வழக்கம் வந்தது. அங்கேயும் பிற்காலத்தில் ஆசிரியர் உயர்ந்த ஆசனத்தில் அமர்ந்து கேலனைப் படிப்பார். கீழே நாவிதர் ஒருவர் அறுப்பார். படித்தவர் பார்க்கவில்லை, பார்த்தவருக்குப் படிக்கத் தெரியாது. இந்த ஏற்பாட்டில் உண்மை எந்தப் பக்கமாக நுழையும்?

கடைசியில் ஆசனத்தைவிட்டு இறங்கி, தாமே கத்தியைக் கையில் எடுத்தவர் வெசேலியஸ். பிரஸ்ஸல்ஸ் நகரில் 1514-ல் பிறந்தவர். 1537-ல், இருபத்துமூன்றாவது வயதில், பாதுவா சர்வகலாசாலையில் ஆசிரியரானார். அவரும் எடுத்த எடுப்பில் வீரராக இருந்துவிடவில்லை. 1538-ல் அவர் வெளியிட்ட படங்களில் ஐந்து மடல் கல்லீரலும் இருக்கிறது, அற்புத வலையும் இருக்கிறது. மனிதத் தலையை அறுக்கும்போதெல்லாம் பக்கத்தில் ஓர் ஆட்டுத் தலையையோ மாட்டுத் தலையையோ தயாராக வைத்துக்கொள்வாராம். மனிதனிடத்தில் வலை அகப்படாதபோது, அதில் காட்டிவிடலாம் அல்லவா? இதைப் பின்னாளில் தம்முடைய நூலில் வெட்கத்தோடு அவரே ஒப்புக்கொள்கிறார். அந்த நூலில் எனக்கு மிகவும் பிடித்த இடம் அதுதான்.

1540-ல் பொலோனாவில் அவர் ஒரு குரங்கின் எலும்புக்கூட்டையும் மனித எலும்புக்கூட்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டினார். கேலன் வர்ணித்த முதுகெலும்பு முனை ஒன்று குரங்குக்கு இருந்தது; மனிதனுக்கு இல்லை. ரகசியம் வெளிப்பட்டுவிட்டது. 1543-ல், பாஸல் நகரில், இருநூறுக்கு மேற்பட்ட சித்திரங்களோடு அவருடைய பெருநூல் வெளிவந்தது.

பாரிஸில் அவருக்குக் கற்றுக்கொடுத்த ஸில்வியஸ் கொதித்தெழுந்தார். பழைய மாணவரைப் பைத்தியக்காரன் என்று ஏசி 1551-ல் ஒரு புத்தகமே போட்டார். கேலன் தவறவில்லை, அவர் காலத்துக்குப் பிறகு மனித உடம்புதான் சீர்கெட்டு மாறிவிட்டது என்பது அவர் வாதம். தொடையெலும்பு கேலன் சொன்னபடி வளைந்திராததற்கு இறுக்கமான கால்சட்டைதான் காரணம் என்றுகூடச் சொன்னாராம்!

இதோடு கதை முடிந்திருக்கலாம். ஆனால் மூன்று நூற்றாண்டுகள் கழித்து மனிதன் எதிர்த் திசையில் இடறி விழுந்தான். 1857-ல் லண்டனில் ரிச்சர்டு ஓவன் என்ற பேரறிஞர், மனித மூளையின் பின்பகுதியில் உள்ள ஒரு சின்னஞ்சிறு மேடு வேறு எந்தப் பிராணிக்கும் கிடையாது, மனிதனைத் தனி இனமாக உயர்த்துவன அதுவும் அதைச் சேர்ந்த அமைப்புகளுமே என்றார். தாமஸ் ஹக்ஸ்லி மறுத்தார். 1860-ல் ஆக்ஸ்போர்டில் சண்டை பகிரங்கமாயிற்று. 1862-ல் கேம்பிரிட்ஜ் கூட்டத்தில் குரங்கின் மூளையையே அறுத்துக் காட்டினார்கள். மேடு அங்கேயும் இருந்தது.

அளவைக் கொண்டும் பெருமைப்பட வழியில்லை. மனித மூளை சுமார் 1,350 கிராம். சிம்பன்ஸியின் மூளை அதில் மூன்றில் ஒரு பங்குதான். ஆனால் யானையின் மூளை சுமார் 5 கிலோ. உடம்போடு ஒப்பிட்டு எடை போடுவோம் என்றால், அங்கே சுண்டெலி நமக்குச் சமமாக வந்து நிற்கிறது!

முதலில் மிருகத்தின் உறுப்பை மனிதனுக்குச் சூட்டினோம். பிறகு மனிதனுடைய உறுப்பு மிருகத்துக்கு இல்லை என்றோம். இரண்டு தவறுகளிலும் முடிவு முன்னால் வந்தது, பார்வை பின்னால் வந்தது. உறவும் உண்மை, வித்தியாசமும் உண்மை. எது எங்கே என்பதைக் கண்தான் சொல்ல வேண்டும்.

2022 ஜனவரியில் அமெரிக்காவில், பால்டிமோர் நகரத்து டாக்டர்கள் ஒரு பன்றியின் இருதயத்தை மனிதர் ஒருவருக்குப் பொருத்தினார்கள். அளவும் அமைப்பும் ஒத்திருந்தன. ஒத்துப்போகாதவற்றுக்காகப் பத்து மரபணு மாற்றங்களை முன்கூட்டியே செய்திருந்தார்கள். அந்த மனிதர் இரண்டு மாதம் உயிரோடிருந்தார். கேலனின் பன்றி மறுபடியும் மனிதனுடைய பக்கத்தில் வந்து படுத்திருக்கிறது. இந்தத் தடவை, இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தையும் எண்ணிப் பார்த்துக்கொண்டுதான் கத்தியை எடுத்திருக்கிறார்கள்.