மேலவை ஒழிந்தது எதனால்? உள்ளாட்சித் தொகுதிகளை முன்வைத்து ஒரு மறுவாசிப்பு

தமிழ்நாட்டுச் சட்ட மேலவை 1986இல் ஏன் ஒழிக்கப்பட்டது என்ற கேள்விக்கு நடிகை வெண்ணிற ஆடை நிர்மலாவின் பெயரே விடையாகச் சொல்லப்படுகிறது. நாளிதழ் நினைவுக் கட்டுரைகளும் எம்.ஜி.ஆர். ஆட்சியைப் பற்றிய நூல்களும் இந்த விடையைப் படியெடுத்தே வந்திருக்கின்றன. அவ்வாண்டு ஏப்ரலில் எம்.ஜி.ஆர். அரசு அவரை நியமன உறுப்பினராக்க முனைந்தது. கடன் தீர்க்க இயலாதவர் என்று அறிவிக்கப்பட்டவர் உறுப்பினராக முடியாது என்பது அரசியலமைப்பின் 191ஆம் பிரிவு. அவரோ அப்படி அறிவிக்கப்பட்டிருந்தவர். விவகாரம் நீதிமன்றம் சென்றது, அவர் விலகிக்கொண்டார். மே 14இல் மேலவையை ஒழிக்கும் தீர்மானம் பேரவையில் நிறைவேறியது. நிகழ்வுகளின் வரிசையில் எனக்கு ஐயமில்லை. ஒன்றன்பின் ஒன்றாக வந்ததாலேயே முன்னது பின்னதற்குக் காரணமாகிவிட்டது என்பதைத்தான் ஏற்க இயலவில்லை.

முதலில் கணக்கைப் பார்ப்போம். 63 பேர் கொண்ட அவையில் நியமன இடங்கள் 9. ஒரு நியமனம் தவறிப்போனால் இன்னொருவரை நியமிப்பதே எளிய வழி. எம்.ஜி.ஆருக்கு மேலவை புதிய இடமும் அல்ல. 1962 முதல் 1964 வரை அவரே அங்கு உறுப்பினர். ஒற்றை நியமனத்தால் வந்த மனத்தாங்கலுக்காக ஓர் அவையையே மூடினார் என்ற வாசிப்பு, நியமன இடங்களை மட்டும் பார்த்துவிட்டு மீதி 54 இடங்களைப் பார்க்காமல் விடுகிறது. அவருடைய பிடிவாத குணத்தைச் சான்றாகக் காட்டுவோர் உண்டு. குணத்தைச் சான்றாக்கத் தொடங்கினால் எந்த முடிவுக்கும் எந்தக் காரணத்தையும் பொருத்திவிடலாம்.

என் வாதம் அரசியலமைப்பின் 171(3)(அ) உட்பிரிவைப் பற்றியது. மேலவையில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கினரை நகராட்சிகள், ஜில்லா போர்டுகள், நாடாளுமன்றம் சட்டத்தால் குறிப்பிடும் பிற உள்ளாட்சி அமைப்புகள் ஆகியவற்றின் உறுப்பினர்கள் தேர்ந்தெடுக்க வேண்டும் என்கிறது அது. நகராட்சியும் ஜில்லா போர்டும் பெயரோடு இடம்பெறுகின்றன. கிராமம் ‘பிற’ என்பதற்குள் ஒதுங்கிக்கொள்ள வேண்டியதுதான். 1935ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி 1937இல் அமைந்த மேலவைக்குச் சொத்துள்ளோரில் ஒரு சிறு கூட்டமே வாக்களித்தது. அதனோடு ஒப்பிட்டால் இந்த உட்பிரிவு ஒரு முன்னேற்றம். ஆனாலும் அந்த முன்னேற்றம் குடிமகனின் கைக்கு நேராக வந்து சேரவில்லை.

கம்பம் பள்ளத்தாக்கில் உத்தமபாளையத்துக்கும் கம்பத்துக்கும் இடையிலுள்ள அனுமந்தன்பட்டியை எடுத்துக்கொள்வோம். அங்குள்ள உழவர் சட்டமன்றத்துக்கும் மக்களவைக்கும் நேரடியாக வாக்களித்தார். மேலவைக்கு அப்படியல்ல. பட்டம் பெற்று மூன்றாண்டு ஆகியிருந்தால் பட்டதாரித் தொகுதியில் வாக்கு உண்டு. உயர்நிலைப் பள்ளியில் மூன்றாண்டு பணியாற்றியிருந்தால் ஆசிரியர் தொகுதியில் உண்டு. தொடக்கப்பள்ளி ஆசிரியருக்கு அதுவும் கிடையாது. மற்ற அனைவருக்கும், எம்.எல்.ஏ.க்கள் தேர்ந்தெடுக்கும் இடங்களைத் தவிர, இருந்த ஒரே வழி உள்ளாட்சி: தாம் தேர்ந்தெடுத்தவர்களில் ஒருவர், படிப்படியாக மேலே போய், ஓர் எம்.எல்.சி.க்கு வாக்களிப்பார் என்ற நம்பிக்கை.

அந்த வழியும் அடைபட்டது. 1970க்குப் பிறகு 1986 வரை தமிழ்நாட்டில் ஊராட்சித் தேர்தல் நடக்கவில்லை. பதவிக்காலம் முடிந்த அமைப்புகளைத் தனி அலுவலர்கள் நடத்தினார்கள். தனி அலுவலர் வாக்காளர் அல்லர். மன்றம் இல்லையென்றால் தொகுதியும் பெயரளவில்தான். உள்ளாட்சிக்குரிய 21 இடங்களைக் கழித்தால் மிஞ்சுவது 42. மேலவைக்கு அரசியலமைப்பு விதிக்கும் குறைந்தபட்ச எண்ணிக்கையோ 40. ஆகவே 1970களின் பிற்பகுதியிலேயே இந்த அவை ஒரு கால் ஊனமுற்று நின்றது என்பேன்.

1986 பிப்ரவரியில் உள்ளாட்சித் தேர்தல் நடந்தது. நகராட்சிகளில் பெரும்பாலானவற்றைத் தி.மு.க. கைப்பற்றியது. அடுத்து உள்ளாட்சித் தொகுதிகளுக்கு மேலவைத் தேர்தல் நடந்தாக வேண்டும். 21 இடங்களும் தி.மு.க.வுக்கே போயிருக்கும் என்று நான் சொல்லவில்லை. ஊராட்சி ஒன்றியங்களின் நிலவரம் நகராட்சிகளைப் போன்றதல்ல. ஆனால் புதிய வாக்காளர்கள் உருவான மூன்றாவது மாதத்தில் அவர்கள் வாக்களிக்க வேண்டிய அவையே ஒழிக்கப்பட்டது. இந்த நெருக்கத்தை நிர்மலா வாசிப்பு கண்டுகொள்வதே இல்லை.

மறுப்பு ஒன்றுக்கு விடை சொல்லியாக வேண்டும். மேலவையால் ஒரு மசோதாவைச் சில மாதம் தாமதப்படுத்த முடியுமே தவிரத் தடுக்க முடியாது. பண மசோதாவில் அந்த அதிகாரமும் இல்லை. பின் எதற்கு அஞ்ச வேண்டும்? விடை தி.மு.க. தலைவர் மு. கருணாநிதி. 1983இல் பேரவை உறுப்பினர் பதவியைத் துறந்த அவர், 1984இல் மேலவைக்கு வந்தார். 1986இல் சட்டமன்றத்துக்குள் அவருக்கிருந்த ஒரே மேடை அதுதான். அண்டை மாநிலம் முன்மாதிரியும் காட்டியிருந்தது: என்.டி. ராமராவ் ஆட்சியில் ஆந்திர மேலவை 1985இல் ஒழிக்கப்பட்டது. அங்கே மேலவையில் பெரும்பான்மை காங்கிரஸுக்கு இருந்தது. நடிகை நியமனம் எதுவும் தேவைப்படவில்லை. எம்.ஜி.ஆரின் மனத்தில் இருந்ததை இவை மெய்ப்பிக்கவில்லை என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் நிர்மலா வாசிப்பும் அதை மெய்ப்பிக்கவில்லை. சூழ்நிலைச் சான்றுகளை எடைபோட்டால் என் பக்கத் தட்டே தாழும்.

ஜப்பானை ஒப்பிடுவது இங்கே பயன்படும். 1946இல் ஆக்கிரமிப்புப் படைத் தலைமை தயாரித்த அரசியலமைப்பு வரைவில் ஒற்றை அவைதான் இருந்தது. ஜப்பானியர் இரண்டாம் அவை வேண்டுமென வற்புறுத்தியபோது, உறுப்பினர் அனைவரையும் மக்களே தேர்ந்தெடுக்க வேண்டும் என்ற நிபந்தனையோடு அது ஏற்கப்பட்டது. முதல் தேர்தல் 1947 ஏப்ரலில் நடந்தது. பதவிக்காலம் ஆறாண்டு, மூன்றாண்டுக்கொருமுறை பாதிப்பேருக்குத் தேர்தல். 2025 ஜூலையில் அந்தத் தேர்தலில்தான் ஆளுங்கூட்டணி மேலவைப் பெரும்பான்மையை இழந்தது. நம் மேலவைக்கும் ஆறாண்டுதான், இரண்டாண்டுக்கொருமுறை மூன்றிலொருவர் ஓய்வுபெற்றார்கள். கால அமைப்பு ஏறக்குறைய ஒன்றுதான். அங்கே ஆளுங்கட்சி தோற்றால் அவையோடு வாழப் பழகுகிறது. இங்கே 169ஆம் பிரிவின்படி பேரவையில் மூன்றில் இரண்டு பங்கும் நாடாளுமன்றத்தின் ஒரு சாதாரணச் சட்டமும் போதும். மேலவையின் கருத்தைக் கேட்க வேண்டிய கட்டாயமே இல்லை.

ஒழிந்த தேதியைப் பற்றி நூல்கள் ஒத்துப்போவதில்லை. பேரவைத் தீர்மானம் மே 14, குடியரசுத் தலைவரின் ஒப்புதல் ஆகஸ்ட் 30, நடைமுறைக்கு வந்தது நவம்பர் 1. எதை முடிவு என்று கொள்வது என்பது கேட்பவரின் கேள்வியைப் பொறுத்தது. அரசியல் முடிவைத் தேடுவோருக்கு மே 14 போதும். உள்ளாட்சித் தொகுதிகளைப் பொறுத்தவரை எந்த ஆண்டில் அவை செத்தன என்பதை நான் முடித்துச் சொல்லமாட்டேன்.

பின்னர் நடந்தவை தெரிந்தவையே. தி.மு.க. 1989, 1996, 2010 என மும்முறை மீட்புத் தீர்மானம் கொண்டுவந்தது. அ.தி.மு.க. 1991, 2001, 2011 என மும்முறை அதைத் திரும்பப் பெற்றது.

2010இல் நாடாளுமன்றம் நிறைவேற்றிய சட்டம் தமிழ்நாட்டு மேலவைக்கு 78 இடங்களை வகுத்தது. அவற்றில் ஓர் இடத்துக்கும் தேர்தல் நடக்கவில்லை.