சுலைமான், ஹோசே

ஹோசே சுலைமான் (30 மே 1931 – 16 ஜனவரி 2014): மெக்சிகோவைச் சேர்ந்த தொழில்முறைக் குத்துச்சண்டை நிர்வாகி. 1975 டிசம்பர் முதல் இறக்கும் வரை உலகக் குத்துச்சண்டைப் பேரவையின் தலைவராக இருந்தவர்.

தமௌலிபாஸ் மாநிலத்தின் சியுதாத் விக்டோரியாவில் பிறந்தார். இளமையில் அமெச்சூர் வீரராகக் களமிறங்கி, பின்னர் பயிற்சியாளர், நடுவர், போட்டி அமைப்பாளர் எனப் பல பணிகளைச் செய்தார். மெக்சிகோ நகரில் 1963இல் தொடங்கப்பட்ட பேரவையில் 1968இல் இணைந்தார்.

சீர்திருத்தங்கள்: 1982 நவம்பரில் லாஸ் வேகாஸில் ரே மான்சினியுடன் மோதிய தென்கொரிய வீரர் கிம் டுக்-கூ, 14ஆம் சுற்றில் வீழ்ந்து சில நாள்களில் இறந்தார். அது வேறோர் அமைப்பின் பட்டப்போட்டி. எனினும் சுலைமானின் பேரவைதான் முதலில் செயல்பட்டு, பட்டப்போட்டிகளை 15 சுற்றுகளிலிருந்து 12ஆகக் குறைத்தது. 1980களின் இறுதிக்குள் மற்ற முக்கிய அமைப்புகளும் அதைப் பின்பற்றின. போட்டிக்கு முந்தைய நாளே எடை பார்க்கும் முறையையும் அவர் வலியுறுத்தினார். வீரரின் உயிரைக் காட்சிக்கும் வருவாய்க்கும் மேலாக வைத்த இம்முடிவுகளே அவருடைய பணியின் சிறந்த பகுதி.

விமர்சனங்கள்: போட்டி அமைப்பாளர் டான் கிங்குடனான நெருக்கம் கண்டனத்துக்குள்ளானது. பட்டம் மறுக்கப்பட்ட ஜெர்மன் வீரர் கிராசியானோ ரோக்கிஜானிக்கு 3 கோடி டாலருக்கும் மேல் இழப்பீடு வழங்குமாறு நியூயார்க் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பேரவை திவாலாகும் நிலைக்குச் சென்று, பின்னர் சமரசத்தால் மீண்டது.

2007இல் பன்னாட்டுக் குத்துச்சண்டைப் புகழ்மண்டபத்தில் இடம்பெற்றார். லாஸ் ஏஞ்சலஸில் காலமானார். மகன் மௌரிசியோ சுலைமான் அடுத்த தலைவரானார்.