பகடை வீசிய இரு அரசர்கள்

சூதாட்டத்தின் தீமையை இந்திய மௌனப்படங்கள் அன்றே சொல்லியிருக்கின்றன. சென்னையில் ஆர். நடராஜ முதலியார் திரௌபதி வஸ்திராபகரணத்தைப் படமாக்கினார். அதன் பிரதி இன்று இல்லை. இன்றும் காணக் கிடைப்பது 1929ஆம் ஆண்டின் 'பிரபஞ்ச பாஷ்'. ஆங்கிலத்தில் 'எ த்ரோ ஆஃப் டைஸ்' எனப்படும் இதை ஜெர்மானியரான ஃபிரான்ஸ் ஓஸ்டன் இயக்கினார். தயாரித்து, வில்லனாகவும் நடித்தவர் ஹிமான்ஷு ராய். மகாபாரதச் சூதாட்டத்தைத் தழுவிய கதை இது.

ரஞ்சித், சோஹத் இருவரும் அரசர்கள். இருவருக்கும் சூதாட்ட வெறி. முனிவரின் மகள் சுனிதாவை இருவருமே விரும்புகின்றனர். அவள் மனம் ரஞ்சித்தை நாடுகிறது. ஆனால் சூதாடிக்குப் பெண் கொடுக்கத் தந்தைக்கு மனமில்லை. பின்னர் அவர் கொல்லப்படுகிறார். சதி சோஹத்துடையது, பழியோ ரஞ்சித் மேல். சுனிதாவே அவனைச் சந்தேகிக்கிறாள். அந்தச் சந்தேகம் தீர்ந்த பின்னும் ரஞ்சித் பகடை ஆட அமர்கிறான். சோஹத்தின் கள்ளப் பகடையால் நாட்டை இழந்து, அடிமையாகவும் ஆகிறான். இறுதியில் வஞ்சகம் வெளிப்பட்டு சோஹத் அழிகிறான்.

பார்ப்பவர்கள் சோஹத்தையே குற்றவாளி என்பார்கள். ரஞ்சித் யாரையும் ஏமாற்றவில்லை என்பது உண்மைதான். ஆயினும் தனக்கு மட்டும் உரிமையில்லாததைப் பணயம் வைத்தான். முனிவர் அஞ்சியதும் இதற்கே.

கத்தோலிக்கத் திருச்சபையின் மறைக்கல்வி (எண் 2413) இரண்டையும் கண்டிக்கிறது. விளையாட்டும் பந்தயமும் தம்மிலே நீதிக்கு எதிரானவை அல்ல. ஆனால் தன் தேவைக்கும் பிறர் தேவைக்கும் உரியதைப் பறிக்கும்போது அவை ஏற்கத்தகாதவை ஆகின்றன. ஆட்டத்தில் ஏமாற்றுவதும் தவறு.

தென்காசி, குற்றாலம் பகுதி மக்களுக்கு இது தொலைதூரக் கதை அல்ல. தமிழகத்தில் 2003இல் லாட்டரி விற்பனை தடை செய்யப்பட்டது. ஆனால் புளியரையைக் கடந்தால் ஆரியங்காவு. அங்கே 1967இல் தொடங்கிய கேரள அரசு லாட்டரி விற்பனையாகிறது. அது அரசே நடத்தும் குலுக்கல். எனவே சோஹத் அங்கே இல்லை எனலாம். ரஞ்சித் இருக்கிறான். பிள்ளையின் பள்ளிக் கட்டணத்தை, மனைவி சீட்டுக் கட்ட வைத்த பணத்தை எடுத்துச் சென்று வரிசையில் நிற்பவர் அவரே. கேட்டால் பொய் சொல்கிறார். பொய் தெரிந்த பின், அவர் உண்மை பேசினாலும் வீட்டில் நம்புவாரில்லை. இழந்த பணத்தை உழைத்து ஈட்டலாம். இழந்த நம்பிக்கையை மீட்க ஆண்டுகள் ஆகும்.

அன்பார்ந்தவர்களே, சீட்டு வாங்கக் கை பையில் நுழையும்போது ஒன்றைச் சிந்திப்போம்: இந்தப் பணத்தில் யார் யாருக்குப் பங்கு உண்டு?